ஆற்றோர முள்ளங்கி

பிப்ரவரி 3

கம்பெனியில் வருஷா வருஷம் டைரி கொடுக்கிறார்கள். இதுவரை ஒன்றில்கூட எழுதியதில்லை. இந்த வருஷம் எழுதலாம் என்று எடுத்திருக்கிறேன். பேச ஆளில்லாமல் எழுதுகிறேன் என்று யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம். நல்ல வழுவழுப்பான தாள், வீணாகப் போகிறது, அவ்வளவுதான்.

முதல் பக்கத்தில் பெயர் கேட்டிருந்தது. குப்புராஜ் என்று எழுதினேன். வேலை: பம்ப் டெஸ்டிங் சூப்பர்வைசர். அவசரத்துக்குக் கூப்பிட வேண்டியவர்: சுகந்தி. எழுதிய பிறகுதான், திருச்சியிலிருந்து கோயமுத்தூர் வருவதற்குள் அவசரம் முடிந்துபோயிருக்குமே என்று தோன்றியது. ஆனாலும் அடிக்கவில்லை.

சுகந்தி என் மனைவி. போன ஜூனிலிருந்து திருச்சியில் ஒரு காலேஜில் கெமிஸ்ட்ரி எடுக்கிறாள். மகள் நறுமுகை, வீட்டில் முகி, அவளும் அங்கேதான் ஏழாவது படிக்கிறாள். வேலை விஷயமாகத்தான் போயிருக்கிறார்கள். "வேலைக்குப் போறவங்க கிரைண்டரையுமா தூக்கிட்டுப் போவாங்க மாமா?" என்று மச்சினன் லோகு கேட்டான். அங்கேயும் மாவு ஆட்ட வேண்டாமா? கேள்வியே தப்பு.

முகி இன்று போன் பண்ணினாள். பொங்கலுக்கு வந்தபோது தன் கேம் பெட்டியை இங்கேயே விட்டுவிட்டுப் போயிருக்கிறாள். மறந்துவிட்டு இல்லை. முழுப் பரீட்சை முடியும்வரை தொடக் கூடாது என்று அவள் அம்மா போட்ட சட்டம்.

"வாரா வாரம் சார்ஜ் போட்டு வைங்கப்பா. இல்லாட்டி பேட்டரி கெட்டுப் போகும். வேற ஒண்ணையும் தொடாதீங்க."

"நான் எதுக்கு அம்மிணி அதைத் தொடறேன்?" என்றேன்.

பிப்ரவரி 8

சனிக்கிழமை. சார்ஜ் போட்டேன். துணி துவைத்தேன். சாம்பாரில் புளி கூடிவிட்டது.

மத்தியானம் சும்மா அந்தப் பெட்டியைத் திறந்து பார்த்தேன். புதுப் புது கேமெல்லாம் இருக்கும் என்று நினைத்தால், எல்லாம் நான் காலேஜ் படித்தபோது பணக்காரப் பையன்கள் கையில் வைத்து விளையாடிய ரகம். பாசிப் பச்சையில் நாலு சாயம், டொய்ங் டொய்ங் என்று சத்தம். அந்தக் காலத்துக் கையடக்க கேம்களையெல்லாம் ஒன்றாகக் கட்டி, வருஷச் சந்தாவுக்கு இப்போது கொடுக்கிறார்களாம். கேபிள் டிவி மாதிரி, கட்டினால் தெரியும், கட்டாவிட்டால் தெரியாது. முகிக்கு இந்தப் பைத்தியத்தைப் பிடிக்க வைத்தவன் லோகுதான்.

அவள் எப்போதும் ஆடுவது ஒரு பண்ணை கேம். திறந்தேன். 'தொடர்க', 'புதிது' என்று இங்கிலீஷில் இரண்டு வழி காட்டியது. அவளுடையதைத் தொடாதே என்று சொல்லியிருக்கிறாள் அல்லவா, அதனால் ஜாக்கிரதையாகப் 'புதிது' என்பதை அழுத்தினேன். காலி நிலம், ஒரு மண்வெட்டி, ஒரு வீடு. நாலு குழி வெட்டினேன். கட்டிலில் படுத்தால்தான் கேம் அன்றைய நாளைச் சேமிக்கும் போலிருக்கிறது. படுத்தேன். என்னவோ நாலு வரி இங்கிலீஷில் கேட்டது. நாலு வரி இங்கிலீஷை யார் படிக்கிறார்கள்? சரி என்று அமுக்கினேன்.

நன்றாகத்தான் இருக்கிறது.

பிப்ரவரி 9

முகியின் பண்ணை எப்படி இருக்கிறது, ஒரு எட்டுப் பார்ப்போமே என்று 'தொடர்க' அமுக்கினேன். என் நாலு குழிதான் வந்தது. திரும்பவும் வெளியே வந்து உள்ளே போனேன். அதே நாலு குழி.

கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. லோகுவைக் கூப்பிட்டேன்.

"மாமா, அது பழைய கேம். ஒரே ஒரு இடம்தான் சேமிக்கறதுக்கு. நீங்க புதுசு போட்டுத் தூங்கினா பழசு போயிரும். கேட்டிருக்குமே, அழிக்கட்டுமான்னு?"

"கேட்டுச்சு."

"என்ன சொன்னீங்க?"

"சரின்னு சொன்னேன்."

இந்தச் சந்தாவில் பின்னால் ஓட்டிப் பார்க்கும் வசதி ஒன்று இருக்கிறதாம். வேகமாகத் தேடினேன். அது கொஞ்ச நேரத்துக்குத்தான் பின்னால் போகும், நேற்றைக்கெல்லாம் போகாது என்றான். இண்டர்நெட்டில் நகல் இருக்குமே என்றேன். அந்த நகலும் என் நாலு குழியாக மாறியிருக்கும் என்றான்.

"மூணு வருசப் பண்ணை மாமா அது. ஒன்பது வயசுல ஆரம்பிச்சா."

எனக்குத் தெரியாதா?

பிப்ரவரி 10

மூன்று பம்ப் ரிஜெக்ட். சாப்பிடவில்லை.

பிப்ரவரி 12

ஆனது ஆகட்டும். ஏப்ரல் கடைசியில் லீவுக்கு வருகிறாள். அதற்குள் அதே மாதிரி கட்டிக் கொடுத்துவிட்டால் போயிற்று. பம்பையே கழற்றி மாட்டுகிறவன் நான். நாலு சாயப் பண்ணை ஒரு விஷயமா?

ஆனால் அது எப்படி இருந்தது என்று தெரிய வேண்டுமே. பொங்கலன்று சோபாவில் என் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் காட்டினாள். மாடு எங்கே, வேலி எங்கே, அது எதற்கு, இது எதற்கு. நான் "ம்" போட்டுக்கொண்டிருந்தேன். அன்றைக்கு மேட்ச் ஓடிக்கொண்டிருந்தது. ஒரு மாடு ஞாபகம் இருக்கிறது. நிறைய மாடா, ஒரு மாடா என்று தெரியவில்லை.

பிப்ரவரி 16

முள்ளங்கி போட்டேன். ஆற்றோரமாகப் போட்டால் தண்ணீர் ஊற்றுகிற வேலை மிச்சம் என்று புத்திசாலித்தனமாகப் போட்டேன். மழை வந்து மொத்தத்தையும் அடித்துக்கொண்டு போய்விட்டது. பின்னால் ஓட்டி, மறுபடியும் போட்டேன். மறுபடியும் போயிற்று.

நிஜ கேஸ் சிலிண்டரும் இன்றுதான் தீர வேண்டுமா? இண்டக்‌ஷனில் ரசம் வைத்தேன்.

பிப்ரவரி 23

"சார்ஜ் போட்டீங்களாப்பா?"

"போட்டேன் அம்மிணி."

"என் பண்ணை நல்லா இருக்குதுங்களா?" என்று சிரித்தாள். விளையாட்டுக்குத்தான் கேட்டாள்.

"இருக்குது," என்றேன். பரீட்சைக்குப் படிக்கச் சொல்லி போனை வைத்துவிட்டேன்.

மார்ச் 2

பண்ணை திறக்கவில்லை. அதுவும் ஒரு மாடு வாங்கிக் கட்டிய அடுத்த நாளே. சந்தா முடிந்துவிட்டதாம். கேமின் படம் தெரிகிறது, தொட்டால் பூட்டு. புதுப்பிக்கலாம் என்று என் கார்டைப் போட்டால், இந்தக் கணக்கின் தலைவர் சம்மதிக்க வேண்டும் என்கிறது. தலைவர் யார் என்று பார்த்தேன். சுகந்தி. ஓடிபி அவள் போனுக்குத்தான் போகுமாம்.

லோகு மூலமாகக் கேட்கலாமா என்று பார்த்தேன். "நீங்களே கேளுங்க மாமா. உங்க பொண்டாட்டிதானே?" என்று வைத்துவிட்டான். அக்காவும் தம்பியும் ஒரே அச்சு.

சுகந்திக்கும் எனக்கும் சண்டையெல்லாம் ஒன்றும் இல்லை. வாட்சப்பில் பேசிக்கொள்கிறோம். 'கரண்ட் பில் வந்தது.' 'சரி.' இப்படி.

மார்ச் 3

டூட்டி முடிந்து வந்து, முகம் கழுவி, சட்டை மாற்றிக்கொண்டு போன் பண்ணினேன். போனில் பேச எதற்குச் சட்டை மாற்றினேன் என்று தெரியவில்லை.

"என்னுங்க, உடம்புக்கு ஏதாச்சும் ஆயிருச்சா?" என்றாள் எடுத்ததுமே.

"இல்ல. ஒரு ஓடிபி வரும். சொல்லு."

"எதுக்கு?"

"முகி கேம் சந்தாவுக்கு."

"அவதான் பரீட்சை முடியற வரைக்கும் தொட மாட்டாளே. ஏப்ரல்ல கட்டிக்கலாம்."

"இல்ல, இப்பவே வேணும்."

"யாருக்கு?"

என்னென்னவோ சொல்லிப் பார்த்தேன். பேட்டரி என்றேன், மெஷின் கெட்டுப் போகும் என்றேன். அவள் வாத்தியார். பேந்தப் பேந்த முழிக்கிற பையன்களைத் தினமும் பார்க்கிறவள். போனிலேயே முழி தெரிந்துவிடும் போலிருக்கிறது. கடைசியில் எல்லாவற்றையும் சொன்னேன். புதிது என்று அமுக்கியது, தூங்கியது, ஒரு மாடு வாங்கியது, ஆற்றோர முள்ளங்கி.

சத்தமே இல்லை. லைன் கட்டாகிவிட்டதோ என்று பார்த்தேன். அப்புறம்தான் தெரிந்தது, அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்கிற சத்தம். அதைக் கேட்டு நாளாகிவிட்டது. பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

"அவளுக்குத் தெரிஞ்சா என்ன ஆவாளோ தெரியலீங்க."

"அதனாலதான் அதே மாதிரி கட்டறேன். ஆனா எது எங்க இருந்துச்சுன்னு ஞாபகம் வரமாட்டேங்குது."

"எனக்குத் தெரியும்," என்றாள். "தெனமும் என்கிட்டத்தானே சொல்லுவா. நாளைக்கு இதே நேரத்துக்குக் கூப்பிடுங்க."

ஓடிபி சொன்னாள். தப்பாகக் குறித்துக்கொண்டு இன்னொரு முறை கேட்டேன். திட்டவில்லை.

மார்ச் 4

சுகந்தி சொன்னபடி: கிணற்றை ஒட்டித் தக்காளி. வேலி வடக்குப் பக்கம். மாடு ஒன்றல்ல, நாலு. நாலுக்கும் அவள் ஏழாம் வகுப்புத் தோழிகளின் பெயர். அதில் ஒருத்தியோடு டிசம்பரில் சண்டை, அதனால் அந்த மாட்டுக்கு மட்டும் பிரஷ் போடுவதில்லையாம்.

கோழிக்கு AMMA என்று பெயர். "காலங்காத்தால எல்லாரையும் எழுப்புதாம்," என்றாள்.

நாய்க்கு APPA.

"நாயா?" என்றேன்.

"கோவிச்சுக்காதீங்க. காலைல எந்திரிச்சதும் மொதல்ல அதுக்குத்தான் சோறு வைப்பா. அது வாசல்லயே படுத்திருக்கும், எங்கயும் போகாதாம்."

நாய் வாங்கக் காசு சேர்க்க வேண்டும். இன்னும் நிறைய முள்ளங்கி விற்க வேண்டும்.

மார்ச் 11

நாய் வந்துவிட்டது. பெயர் வைத்தேன்.

மார்ச் 20

தினமும் ஏழு மணிக்குப் பேசுகிறோம். பண்ணை விஷயமாக மட்டும்தான். இன்று பேசியது: கோழிக்கூண்டு எந்தப் பக்கம். அவள் காலேஜில் லேப் குழாய் ஒழுகுகிறது, மூன்று முறை எழுதிக் கொடுத்தும் ஆள் வரவில்லை. வாஷரை மாற்றினாலே போதும் என்று எப்படி மாற்றுவது என்பதைச் சொன்னேன். முகி உயரமாகிவிட்டாள், யூனிபார்ம் கணுக்காலுக்கு மேலே நிற்கிறது. அவளுக்கு, அதாவது சுகந்திக்கு, சாயங்காலமானால் தலைவலி வருகிறது. டாக்டரிடம் போகச் சொன்னேன். "போன வருசமும் இதே தலைவலிதான். அப்பவும் இருந்துச்சு," என்றாள். எனக்குத் தெரியாது என்றேன். "தெரியும், உங்களுக்குத் தெரியாதுன்னு," என்றாள். கோபமாகச் சொல்லவில்லை.

கோழிக்கூண்டு கிழக்குப் பக்கமாம். போனை வைத்தபிறகு பார்த்தால் பாதி சாதம் தீய்ந்திருந்தது.

ஏப்ரல் 6

பண்ணை ஏறக்குறைய வந்துவிட்டது. வேலிகூட அச்சு அசல். ஒன்றே ஒன்றுதான் உதைக்கிறது. மூலையில் கேம் கணக்கில் வருஷம் ஒன்று என்று காட்டுகிறது. அவளுடையதில் வருஷம் பதினொன்று. அவ்வளவு தூரம் ஓட்ட முடியாது.

"அதைப் பாக்க மாட்டா," என்றேன்.

"அதைத்தான் மொதல்ல பாப்பா," என்றாள் சுகந்தி. "ஏனுங்க, சொல்லிருங்க. அவளா கண்டுபிடிச்சா அது வேற. நீங்களா சொன்னா அது வேற."

"நீயே சொல்லேன். உன்கிட்டன்னா..."

"எல்லாத்தையும் நானே சொல்லிச் சொல்லித்தான் இங்க வந்து உக்காந்திருக்கேன்."

பரீட்சை முடியட்டும், நானே சொல்கிறேன் என்றேன்.

ஏப்ரல் 18

இன்று பரீட்சை முடிந்தது. சொன்னேன். சுற்றி வளைக்கவில்லை. அழிந்துவிட்டது, நான்தான் அழித்தேன், தெரியாமல் செய்தேன், பிப்ரவரியிலேயே ஆகிவிட்டது, நீ கேட்டபோது இருக்கிறது என்று பொய் சொன்னேன்.

"மொத்தமாவா?"

"மொத்தமா. ஆனா அப்பா திரும்பவும் அதே மாதிரி கட்டியிருக்கேன் அம்மிணி. மாடு, வேலி எல்லாம்..."

"அதே மாதிரி எப்படிப்பா ஆகும்?" என்றாள். அழுகிறாள் என்று தெரிந்தது. "நாம எல்லாரும் ஒண்ணா இருந்தப்ப ஆரம்பிச்சதுப்பா அது."

வைத்துவிட்டாள். நான் அப்படியே சமையல்கட்டுத் தரையில் உட்கார்ந்துவிட்டேன். அது அவளுக்கு அப்படி ஒரு பண்ணை என்று எனக்குத் தெரியவே தெரியாது. எனக்கும் அழுகை வந்தது. வந்தது என்று எழுதுவதில் வெட்கம் ஒன்றும் இல்லை.

ஏப்ரல் 19

போன் எடுக்கவில்லை.

ஏப்ரல் 21

லீவுக்கு வரமாட்டேன் என்கிறாளாம். "கொஞ்சம் பொறுங்க," என்றாள் சுகந்தி. "நீங்க சும்மா மட்டும் இருந்துராதீங்க."

சும்மா இல்லாமல் என்ன செய்வது? அதையும் சொல்லியிருக்கலாம்.

ஏப்ரல் 22

மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில், கேண்டீனுக்கு வெளியே வேப்ப மரத்தடியில் நின்று முகிக்கு ஒரு வாய்ஸ் மெசேஜ் அனுப்பினேன். சாரி எல்லாம் ஏற்கெனவே சொல்லியாகிவிட்டது. திரும்பத் திரும்பச் சொன்னால் அவளுக்கு எரிச்சல்தான் வரும். அதனால் பண்ணையில் நடந்ததைச் சொன்னேன். ஆற்றோரம் போட்ட முள்ளங்கி மழையில் போனதை, பின்னால் ஓட்டி மறுபடி போட்டு மறுபடி போனதை, மூன்றாவது தடவையும் அதே இடத்தில் போட்டதை. சண்டைக்காரத் தோழியின் மாட்டுக்குத் தெரியாமல் பிரஷ் போட்டுவிட்டதை. வெயில்கால விழாவில் என் முள்ளங்கிக்குக் கடைசிப் பரிசு கிடைத்து, ஊர்த் தலைவர் ஒரு சாக்கு உரம் கொடுத்துக் கேலி செய்ததை. பேசிக்கொண்டே போய்விட்டேன். சைரன் அடித்துவிட்டது.

சாயங்காலம் பஸ்ஸில் வரும்போது பதில் வந்தது.

'ஆத்தோரம் யாராச்சும் முள்ளங்கி போடுவாங்களா.'

அவ்வளவுதான். ஸ்டாப்பிங்கைத் தாண்டிப் போய் இறங்கினேன்.

ஏப்ரல் 23

அவளே கூப்பிட்டாள். விசாரணைதான். என்ன பருவம், கையில் எவ்வளவு விறகு, கிணற்றைத் தூர் வாரினீர்களா, மாட்டுக்கு மழையில் கதவைச் சாத்துகிறீர்களா. எங்கள் கம்பெனி ஆடிட்டில்கூட இப்படிக் கேட்டதில்லை.

"நாய்க்கு என்ன பேரு வெச்சீங்க?"

"APPA."

"அது நான் வெச்ச பேருப்பா."

"அதே மாதிரி இருக்கணும்னுதான்..."

"வேண்டாம். அது போச்சு. போனது போனதுதான். இது உங்க பண்ணை. நீங்க உங்களுக்குப் புடிச்ச மாதிரி பேரு வைங்க. நான் வந்து பாக்கறேன்."

"வர்றியா?"

"முள்ளங்கியை யாரு பாக்கறது பின்னே?"

ஏப்ரல் 27

வந்துவிட்டார்கள். இரண்டு பேரும். சுகந்தி முகியை விட்டுவிட்டு மத்தியான பஸ்ஸுக்கே போவதாக இருந்தாள். பஸ்ஸில் கூட்டமாம். நானும் பஸ் ஸ்டாண்டு போய்ப் பார்த்தேன். கூட்டம் இருந்தது. உட்கார இடமும் இருந்தது. கூட்டம் என்று மட்டும் வந்து சொன்னேன். அவளும் பையைக் கட்டிலுக்குக் கீழே தள்ளிவிட்டாள்.

முகி பெட்டியைத் திறந்து என் பண்ணையைச் சுற்றி வந்தாள். நான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். டிவி போடவில்லை. நாய்க்கு நான் வைத்த புதுப் பெயரைப் பார்த்துவிட்டு என்னைப் பார்த்தாள்.

"LOGU-வா?"

"ஒரு வேலையும் செய்யறதில்ல, சும்மா குலைச்சுக்கிட்டே இருக்குது," என்றேன்.

அவள் சிரித்த சிரிப்பில் சமையல்கட்டிலிருந்து சுகந்தி எட்டிப் பார்த்தாள். என்னவென்று கேட்டு அவளும் சிரித்தாள். பிறகு என் தம்பியை நாயென்பீர்களா என்று கரண்டியோடு வந்தாள்.

முகி ஆற்றோர முள்ளங்கியில் மூன்று வரிசையைப் பிடுங்கி எறிந்துவிட்டு மேட்டில் நட்டாள். நான் வைத்த வேலியைக் கழற்றிவிட்டாள். அச்சு அசலாக இருந்த எதையும் விடவில்லை. எனக்கு ஒன்றும் வருத்தம் இல்லை.

ஏப்ரல் 29

சுகந்தி இன்று காலை திருச்சி போய்விட்டாள். காலேஜ் பரீட்சைக்கு ஹால் டூட்டி இருக்கிறதாம். முகி இங்கே. மே மாதம் முழுக்க இருப்பாள்.

ஏழு மணி ஆயிற்று. போனைக் கையில் எடுத்தேன். எடுத்தபிறகுதான் தெரிந்தது, கேட்க ஒன்றுமில்லை. பண்ணை இப்போது முகியின் கையில். வேலி, கூண்டு, கிணறு எல்லாம் அவளுக்கே தெரியும். முகி நல்லபடியாகச் சாப்பிட்டாள் என்று சொல்லலாம். அதை அவளே அம்மாவிடம் சொல்லிவிட்டாள். கரண்ட் பில்கூட வரவில்லை. போனைக் கீழே வைத்தேன். மாடிக்குப் போய்க் காய்ந்த துணியை எடுத்தேன். மடித்தேன். நான் மடிக்கிற லட்சணத்துக்கு அதற்கு மேல் நேரம் போகவில்லை.

கூப்பிட்டேன்.

"என்னுங்க? முகி ஏதாச்சும்..."

"முகி விளையாடறா. நல்லா இருக்கா."

"அப்பறம்?"

"ஒண்ணுமில்ல. சும்மாதான் கூப்பிட்டேன்."

அந்தப் பக்கம் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்கிற சத்தம் கேட்டது.

"சொல்லுங்க," என்றாள்.

என்ன சொன்னேன் என்று இப்போது யோசித்தால் ஒன்றும் நினைவில்லை. துணி மடித்ததைச் சொன்னேன். தலைவலி எப்படி இருக்கிறது என்று கேட்டேன். டாக்டர் கண்ணாடி போடச் சொல்லியிருக்கிறாராம், பிரேம் எந்த நிறம் வாங்குவது என்று குழப்பமாம். மொட்டை மாடியில் நடந்துகொண்டே பேசினேன். வைக்கப் போகும்போது, வேறு எதையோ சொல்வது போலச் சொன்னாள்.

"ஏனுங்க, இங்க எனக்கு அடுத்த மாசத்தோட காண்ட்ராக்ட் முடியுது. நீட்டிக்கறாங்களாம். இன்னும் சரின்னு சொல்லல. நம்மூர்ல, பீளமேட்டுல ஒரு காலேஜ்ல இண்டர்வியூவுக்குக் கூப்பிட்டிருக்காங்க."

நடந்துகொண்டிருந்தவன் அப்படியே நின்றேன். வாயைத் திறந்து எதையாவது கெடுத்துவிடுவேனோ என்று பயம்.

"முகியோட பழைய ஸ்கூல்ல எட்டாவதுக்கு எடம் இருக்குமான்னு கேட்டுப் பாக்கறீங்களா? சும்மா கேட்டு மட்டும் வைங்க."

"கேக்கறேன்," என்றேன்.

ஏப்ரல் 30

அரை நாள் லீவு போட்டுவிட்டுப் போனேன். ஸ்கூல் ஆபீஸ் இன்னும் திறந்திருக்கவில்லை. கேட்டுக்கு வெளியே நின்றேன். வாட்ச்மேன் முதல் ஆளாக என்னைத்தான் உள்ளே விட்டார். கிளார்க்கம்மா பெயர் கேட்டதும், "நறுமுகையா? எங்க போயிருந்தா?" என்றார். திருச்சியில் என்றேன். இடம் இருக்கிறதாம்.

ஏழு மணிவரை காத்திருக்கவில்லை. கேட்டிலேயே நின்று சுகந்தியைக் கூப்பிட்டேன்.